சனிக்கிழமை நாலு மணிக் கலகக்காரர்கள்

என் தங்கையின் கணவர் ஒரு படம் எடுத்தார் என்று ஒரே வரியில் சொல்லிவிடலாம். ஆனால் அதை அவர் ஏழு வருடம் எடுத்தார். அந்த ஏழு வருடமும் சனிக்கிழமை தவறாமல், காதில் ஹெட்ஃபோனும் கையில் மைக் மாட்டிய நீளக்கோலுமாக அவர் பின்னால் நின்றவன் நான். அதனால் இதைச் சொல்ல எனக்கு உரிமை இருக்கிறது. கொஞ்சம் எரிச்சலும் இருக்கிறது, அதையும் மறைக்கப்போவதில்லை.

மாப்பிள்ளை சுயேச்சையான ஆவணப்பட இயக்குநர். சுயேச்சை என்றால், யாரும் அவரைப் படம் எடுக்கச் சொல்லவில்லை என்று அர்த்தம். வயிற்றுப்பாட்டுக்கு வாரநாட்களில் தொழிற்சாலைகளுக்குப் பாதுகாப்புப் படங்கள் எடுத்துக்கொடுப்பார். தீயணைக்கும் கருவியை எப்படிப் பிடிப்பது, ஏணியில் எப்படி ஏறுவது, அந்த மாதிரி. அங்கே அவர் செய்கிற அதிகாரத்தைப் பார்க்க வேண்டும். ஒரு பாவப்பட்ட ஃபிட்டரை, முகத்தில் இன்னும் கொஞ்சம் பொறுப்பு தெரியவில்லை என்று சொல்லிப் பதினேழு தடவை ஏணியில் ஏற்றி இறக்கியவர் அவர். சனிக்கிழமை வந்துவிட்டால் ஆளே வேறு. அன்றைக்கு அவர் படைப்பாளி. படைப்பாளி யாரையும் ஏவ மாட்டார், யாரையும் எதுவும் கேட்க மாட்டார், கண்ணெதிரே கூரையே விழுந்தாலும் 'நகருங்க' என்று சொல்ல மாட்டார். கேமரா வைத்திருக்கிறவன் சுவரில் ஒட்டிய பல்லியாக இருக்க வேண்டும் என்பது அவர் கட்சி.

இந்தக் கட்சியில் இன்னொரு விதியும் உண்டு. படப்பிடிப்பு முழுசாக முடிகிறவரை எடுத்ததைப் போட்டுப் பார்க்கக் கூடாது. பார்த்தால் ஆசை வந்துவிடுமாம். ஆசை வந்தால் அடுத்த வாரம் 'கொஞ்சம் இந்தப் பக்கம் நில்லுங்க' என்று சொல்லத் தோன்றிவிடுமாம். ஆகவே பதிவானதை அப்படியே ஹார்டு டிஸ்கில் ஏற்றி, தேதி எழுதி ஒட்டி, அலமாரியில் அடுக்கிவிடுவார். என் தங்கையின் துணிகள் ஒவ்வொரு தட்டாக இடம் மாறிக் கடைசியில் கட்டிலுக்கு அடியில் போய்ச் சேர்ந்தன.

நகரத்தின் இண்டு இடுக்குகளில் தமக்கென்று ஓர் உடை, ஒரு பாட்டு, ஒரு கோபம் என்று வாழ்கிற சின்னச் சின்னக் கூட்டங்கள்தான் அவருடைய விஷயம். துணைப்பண்பாடு என்று அதற்கொரு சொல் வைத்திருந்தார். சிலிண்டர் கொண்டுவந்து போடுகிறவர்கூட அந்தச் சொல்லைக் கேட்காமல் தங்கை வீட்டு வாசலை விட்டுத் திரும்பியதில்லை.

அவர் கண்டுபிடித்த கூட்டத்துக்குத் துருக் கூட்டம் என்று பெயர். அவர்களே வைத்துக்கொண்டது. ஆறடுக்கு வாகன நிறுத்தக் கட்டடம் ஒன்றின் தரைக்குக் கீழான தளத்தில், தண்ணீர் ஒழுகுவதால் யாரும் வண்டி நிறுத்தாத மூலையில், சனிக்கிழமை சாயங்காலம் நாலு மணிக்குக் கூடுவார்கள். கறுப்புத் தோல் சட்டை, கிழித்துவிட்ட கால்சட்டை, கண்ணைச் சுற்றி மை. காது கிழிகிற மாதிரி ஒரு பாட்டைப் போட்டுவிட்டு, சுவரில் சாய்ந்து உலகத்தை முறைப்பார்கள். ஆரம்பத்தில் ஏழெட்டுப் பேர் இருந்தார்கள், நிலைத்தவர்கள் மூன்று பேர். பசை தடவித் தலைமுடியை ஆணி ஆணியாக நிறுத்தியிருந்தவர் முள்ளுத்தலை. சட்டை முழுக்கவும் காதிலும் நாற்பது ஊக்குகள் குத்தியிருந்த பெண் ஊக்கு. இடுப்பிலிருந்து முழங்கால்வரை இரும்புச் சங்கிலி தொங்கவிட்ட பருமனான ஆள் சங்கிலி. அவர்கள் மாப்பிள்ளைக்கு வைத்த பெயர் பல்லி. அதை அவர் விருது வாங்கியதுபோல் வீட்டுக்கு வந்து சொன்னார்.

என்னை ஏன் சேர்த்தார் என்றும் சொல்ல வேண்டும். நான் லிஃப்ட் மெக்கானிக். சனிக்கிழமை எனக்கு அரை நாள்தான் வேலை. தங்கை குடியிருக்கும் கட்டடத்தின் லிஃப்டில் ஒருநாள் ஏறி வந்தவன், எந்தப் பக்கத்து ரோலர் தேய்ந்திருக்கிறது என்று சத்தத்தை வைத்தே சொன்னேன். அங்கேயே மாட்டிக்கொண்டேன். "உங்க காதுதான் மச்சான் எனக்கு வேணும்" என்றார். இரண்டு மூன்று வாரம் என்றுதான் நினைத்தேன். தங்கையைக் கட்டிக்கொடுத்த இடம், முகத்தில் அடித்தாற்போல் மறுக்க முடியுமா?

அவருடைய தலையிடாக் கொள்கை எந்த அளவுக்குப் போகும் என்பதற்கு ஓர் உதாரணம் போதும். தரையில் எண்ணெய் சிந்திக் கிடந்ததை மாப்பிள்ளை பார்த்தார், நானும் பார்த்தேன். சங்கிலி பின்பக்கமாக நடந்துகொண்டே ஏதோ கத்திக்கொண்டு அதை நோக்கி வந்தார். நான் வாயைத் திறக்கும்முன் மாப்பிள்ளை என் காலை அழுத்தி மிதித்தார். சங்கிலி விழுந்த சத்தம் எனக்கு இன்றும் காதில் இருக்கிறது, ஏனென்றால் மைக் அவர் இடுப்புக்கு நேராக இருந்தது. அதற்குப் பிறகு அந்த மனிதருக்குக் குளிர்ந்த தரையில் உட்கார முடியாமல் போயிற்று. மாப்பிள்ளை அன்று முழுக்கப் பூரித்துப் போயிருந்தார், அத்தனை இயல்பாக வந்திருந்ததாம்.

இந்தப் பழக்கம் வீட்டுக்குள்ளும் வந்தது. பால் பொங்கி அடுப்பில் வழிவதை அடுக்களை வாசலில் நின்று முழுசாகப் பார்த்தவர் அவர். தங்கை கத்தியபோது, பொங்குவதற்குமுன் ஒரு நொடி பால் அப்படியே அசையாமல் நிற்கிறது, கவனித்தாயா என்று கேட்டார். அவள் துணியை அவர் கையில் திணித்துவிட்டுப் போனாள்.

தங்கை குடிநீர் ஆய்வுக்கூடத்தில் வேலை செய்கிறாள். ஊர்க் குழாய்களில் பிடித்துவந்த தண்ணீரைப் புட்டி புட்டியாக வைத்துக்கொண்டு, கலங்கல் எவ்வளவு, குளோரின் எவ்வளவு, கிருமி உண்டா என்று பார்க்கிற வேலை. பதினோரு வருடமாக அதே மேசை. மூன்றாவது வருடம் அவளுக்கு ஒரு கடிதம் வந்தது. வேறொரு ஊரில் புதிதாகத் திறக்கிற ஆய்வுக்கூடத்துக்கு அவளே பொறுப்பாளர். படம் பாதியில் நிற்கிறதே என்று, வீட்டில்கூடப் பெரிதாகப் பேசாமல், வேண்டாம் என்று எழுதிப்போட்டாள். மாப்பிள்ளை ஏன் என்று கேட்கவில்லை. அவள் முடிவில் தலையிடக் கூடாதாம்.

ஐந்தாவது வருடத்தில்தான் என் தலையில் இடி விழுந்தது. அன்று ஊக்கின் சட்டைக் காலரில் சின்ன மைக் ஒன்றைக் குத்தியிருந்தோம். மாப்பிள்ளை தளத்தை உயரத்திலிருந்து எடுக்க வேண்டும் என்று கேமராவோடு சரிவுப்பாதையில் ஏறிப் போனார். நான் ஒரு தூணுக்குப் பின்னால் நின்றேன். நான் இருப்பதையே அவர்கள் மறந்துவிட்டார்கள். லிஃப்டுக்குள் மாட்டிக்கொண்டவர்களும் இப்படித்தான், வெளியே மெக்கானிக் நிற்பதை மறந்துவிட்டுக் குடும்ப ரகசியமெல்லாம் பேசுவார்கள்.

குழந்தைக்குக் காய்ச்சல், கிளம்பட்டுமா என்று கேட்டாள் ஊக்கு.

"ஒரு பத்து நிமிஷம் இருங்களேன்" என்றார் முள்ளுத்தலை. "மேல போய் எடுக்கிறாரு. திரும்பி வந்து பாத்தா யாரும் இல்லன்னா மனுஷன் ஒடஞ்சு போயிடுவாரு."

"எனக்கும் காலைல மூணு மணிக்கு எந்திரிக்கணும்" என்றது சங்கிலியின் குரல். "இவருக்காகத்தான் வர்றேன். இல்லன்னா இந்த இடுப்ப வச்சிட்டு இங்க எனக்கு என்ன வேல?"

பிறகு முள்ளுத்தலை, சரியாக உட்கார்ந்திருக்கிறதா பாருங்கள் என்றார். ஊக்கு, இடது பக்கம் கொஞ்சம் இறக்குங்கள் என்றாள். எட்டிப் பார்த்தேன். அந்த ஆணி ஆணியான முடியை அவர் இரண்டு கையாலும் பிடித்து, தொப்பியைத் திருப்புவதுபோல் திருப்பிக்கொண்டிருந்தார். விக்கு.

அதன்பிறகு வந்த வாரங்களில் ஹெட்ஃபோன் வழியாக எனக்கு எல்லாம் தெரிந்துவிட்டது. முள்ளுத்தலை ஒரு மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலைக்குச் சேர்ந்து, தலையை ஒட்ட வெட்டி ஒரு வருடம் ஆகியிருந்தது. ஊக்கு மழலையர் பள்ளி ஆசிரியை. ஊக்குகளைச் சாப்பாட்டு டப்பாவில் கொண்டுவந்து மாடிப்படியில் உட்கார்ந்து குத்திக்கொள்வாள், திரும்பும்போது நாற்பதையும் எண்ணிக் கழற்றிவிட்டுப் போய்க் குழந்தையைத் தூக்குவாள். சங்கிலி பேக்கரியில் அடுப்பு வேலை. அவர் சுவரில் சாய்ந்து கண்ணை மூடி நிற்பதை, சமூகத்தின் மீதான நிராகரிப்பு என்று மாப்பிள்ளை என்னிடம் விளக்கியிருந்தார். அந்த மனிதர் தூங்கிக்கொண்டிருந்தார். வெள்ளிக்கிழமை ஆனால் மூவரும் ஒருவருக்கொருவர் போன் செய்து, 'நாளைக்கு வந்துடுங்க, பாவம் அவரு' என்று சொல்லிக்கொள்வார்கள்.

ஆக, உலகத்தை எதிர்த்து நிற்கும் கலகக்காரர்களை அவர் ஒதுங்கி நின்று பதிவுசெய்துகொண்டிருந்தார். அவர்கள் அவர் மனம் நோகக் கூடாதே என்று கலகம் செய்துகொண்டிருந்தார்கள்.

நான் சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. முதலில் சிரிப்புதான் வந்தது, அதை ஒத்துக்கொள்கிறேன். பிறகு பயம் வந்தது. எல்லாம் பதிவாகியிருக்கிறதே! படப்பிடிப்பு முடிந்த மறுநாள் அவர் உட்கார்ந்து கேட்கப்போகிறார். கேட்டால் அந்த மனிதர் என்ன ஆவார்? முடிந்தால்தானே கேட்பார் என்று என் புத்தி போயிற்று. இரண்டு வருடமாக, எப்போது மாப்பிள்ளை முடிப்பீர்கள் என்று நச்சரித்தவன், அன்றுமுதல் தோள்பட்டை வலியைக்கூடச் சொல்வதில்லை.

ஆறாவது வருடம் தங்கைக்கு இரண்டாவது கடிதம் வந்தது. அந்த வாரம் மாப்பிள்ளையே என்னிடம், முடித்துவிடலாமா மச்சான், போதும் என்று தோன்றுகிறது என்றார். நான் என்ன செய்திருக்க வேண்டும்? கும்பிட்டுக் கோலைக் கீழே வைத்திருக்க வேண்டும். நான் சொன்னது இதுதான்: "இன்னும் ஒரு மழைக்காலம் எடுத்துடுங்க மாப்பிள்ளை. மழைல அந்த எடத்தோட சத்தமே வேற." அவர் கண் பளபளத்தது. முதல் தடவையாக மச்சான் ஒலியைப் பற்றி ஒரு கருத்து சொல்லிவிட்டானே! என் தங்கை இரண்டாவது கடிதத்துக்கும் வேண்டாம் என்று எழுதினாள். அந்தப் பாவம் என்னுடையது.

ஏழாவது வருடம் மூன்றாவது கடிதம். இது கடைசி, இனி கேட்க மாட்டோம், மாத முடிவுக்குள் பதில் வேண்டும் என்று எழுதியிருந்தார்கள். ஞாயிற்றுக்கிழமை காலையில் நான் போனபோது கடிதம் மேசைமேல் கிடந்தது. மாப்பிள்ளை புது பேட்டரி வாங்கப் போயிருந்தார். தங்கை கடிதத்தைப் பார்த்துக்கொண்டே, இந்தத் தடவை எப்போது முடியும் என்றாவது உனக்குத் தெரியுமா அண்ணா என்று கேட்டாள். என்னால் தாங்க முடியவில்லை. எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். விக்கு, டப்பா, பேக்கரித் தூக்கம், வெள்ளிக்கிழமை போன், எல்லாம்.

அவள் சிரிப்பாள் என்று எதிர்பார்த்தேன். விக்கு என்றபோது உதடு கொஞ்சம் அசைந்தது. அவ்வளவுதான்.

"ரெண்டாவது லெட்டர் வந்தப்ப மழை வேணும்னு சொன்னது நீதான?" என்றாள்.

மாப்பிள்ளை மனம் உடைந்துவிடுமோ என்று பயந்தேன் என்றேன்.

"எல்லாரும் அவர் மனசயே பாத்துக்கிட்டிருந்தீங்க. நானும்தான்" என்றாள். பிறகு, இன்றைக்கே அந்தப் பதிவை அவரைக் கேட்க வை என்று மட்டும் சொல்லிவிட்டுத் துணி மடிக்கப் போய்விட்டாள். என் தங்கை என்மேல் அப்படிக் கோபப்பட்டு நான் பார்த்ததில்லை. கத்தியிருந்தால் தேவலாம்.

மாப்பிள்ளை பேட்டரியோடு வந்தார். எப்படி ஆரம்பிப்பது என்று தெரியாமல், ஒலியில் ஒரு கோளாறு, நீங்கள் கேட்டே ஆக வேண்டும் என்றேன். கொள்கையைச் சொல்லி மறுத்தார். கோளாறு என்னுடையது இல்லை என்றேன். அந்த வார்த்தையில் ஏதோ இருந்திருக்க வேண்டும், உட்கார்ந்தார். அவர் காதில் ஹெட்ஃபோனை மாட்டினேன். ஏழு வருடத்தில் முதல் தடவையாக அவர் கேட்டார், நான் அவர் முகத்தைப் பார்த்தேன். முதல் ஐந்து நிமிடம் ஒலித் தெளிவை மெச்சித் தலையாட்டினார். பிறகு தலை ஆடுவது நின்றது. ஒரு கோப்பு முடிந்ததும் அவரே அடுத்ததைத் திறந்தார். அப்படி முக்கால் மணி நேரம். அடுத்த அறையில் தங்கை ஒரே சட்டையைத் திரும்பத் திரும்ப மடித்துக்கொண்டிருந்தாள்.

ஹெட்ஃபோனைக் கழற்றியதும் அவர் கேட்ட முதல் கேள்வி, "முடி நெஜமாவே விக்கா மச்சான்?" என்பதுதான். ஆமாம் என்றேன். தலைமுடியைப் பற்றி மட்டும் அவர் தனியாகப் பதினான்கு மணி நேரம் எடுத்து வைத்திருந்தார். அதில் எத்தனை மணி நேரம் விக்கு என்று யாருக்குத் தெரியும்? எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்த மனிதரைக் கட்டிப் பிடித்துக்கொள்ள வேண்டும்போல் இருந்தது. நாங்கள் அந்த மாதிரிக் குடும்பம் இல்லை, அதனால் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தேன்.

அந்த வாரம் முழுக்க அவர் ஒன்றைத்தான் பிடித்துக்கொண்டு இருந்தார். கடைசி மூன்று வருடத்தைத் தூக்கி எறிந்துவிடலாம், முதல் நாலு வருடம் சுத்தம், அதில் நல்ல படம் ஒன்று இருக்கிறது. எந்தச் சனிக்கிழமை பொய் ஆரம்பித்தது என்று தெரிந்தால் போதும், அந்த இடத்தில் வெட்டிவிடலாம். தேதியைத் தெரிந்துகொள்ள ஒரே வழி அவர்களைக் கேட்பது. தன் கொள்கையை உடைத்துக் கேட்பதென்று முடிவுசெய்தார். ஒரே ஒரு கேள்விதானே என்றார்.

சனிக்கிழமை நாலு மணிக்குக் கேமரா இல்லாமல் போனோம். மூவரும் முழு வேஷத்தில் சுவரில் சாய்ந்து முறைத்துக்கொண்டிருந்தார்கள். கேமரா எங்கே என்று தெரியாமல் எந்தப் பக்கம் முறைப்பது என்று அவர்களுக்கே குழம்பிவிட்டது. மாப்பிள்ளை பாட்டை நிறுத்தச் சொன்னார். தனக்குத் தெரியும் என்றார், கோபம் இல்லை என்றார், எந்த வாரத்திலிருந்து தனக்காக வருகிறீர்கள் என்று கேட்டார்.

முள்ளுத்தலை விக்கைக் கழற்றி, அடியில் வேர்த்திருந்த தலையைச் சொறிந்தார். கடையில் சேர்ந்த மாதத்தைச் சொன்னார். சங்கிலி, கீழே விழுந்த வாரம் என்றார், அதைச் சொல்லும்போது தரையைப் பார்த்தார். மாப்பிள்ளை இரண்டையும் குறித்துக்கொண்டார். முகத்தில் கொஞ்சம் நிம்மதி தெரிந்தது, அதற்குமுன் எடுத்ததெல்லாம் மிச்சம். கடைசியாக ஊக்கைப் பார்த்தார்.

"எனக்கு மூணாவது வாரமே சலிச்சுப் போச்சுங்க" என்றாள் ஊக்கு. "அந்த வாரத்தோட நிறுத்திடலாம்னு நாங்க எல்லாரும் பேசி முடிச்சிருந்தோம். அன்னிக்குத்தான் நீங்க மொதல் தடவயா வந்தீங்க. மழைல நனைஞ்சுட்டு, கேமராவ சட்டைக்குள்ள வச்சிட்டு வந்து நின்னீங்க. என்னைப் பாக்கணும்னு யாரும் அப்படி வந்து நின்னதில்ல. எப்படிப் போகச் சொல்றது?"

அவள் சொன்னதை யாரும் மறுக்கவில்லை. துருக் கூட்டத்தின் ஆயுள் மூன்று வாரம். மீதி ஏழு வருடமும் நாங்கள் போனதால் இருந்தது. மாப்பிள்ளை பேனாவை மூடிச் சட்டைப்பையில் செருகினார். இத்தனை வருடமும் ஒருவாட்டிகூட ஏன் சொல்லவில்லை என்று கேட்டார். நீங்கள் எதுவும் கேட்டதே இல்லையே என்றார் சங்கிலி, குற்றம் சொல்கிற குரல் இல்லை அது. ஊக்கு படியில் உட்கார்ந்து ஊக்குகளை எண்ணிக் கழற்ற ஆரம்பித்தாள். கண் எரிகிறது என்று மாப்பிள்ளை சொன்னதும் முள்ளுத்தலை, அடுத்த வாரம் கடைக்கு வாருங்கள், பவர் பார்த்துவிடுகிறேன் என்றார்.

திரும்பி வருகிற வழியில் ஒரு சிக்னலில், நீங்களாவது இந்த ஒலிவேலை பிடித்துப்போய்த்தானே வந்தீர்கள் மச்சான் என்றார். நான் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டேன். அதுவே பதிலாகப் போய்விட்டது.

வீட்டில் தங்கை அட்டைப்பெட்டிகளை விரித்து வைத்திருந்தாள். கட்டிலுக்கு அடியிலிருந்த துணிகள் எல்லாம் மேலே வந்திருந்தன. பதிலை அனுப்பிவிட்டாள் என்பது பார்த்தாலே தெரிந்தது. மாப்பிள்ளை கதவருகே நின்றார், வழக்கமாக நிற்கிற இடம்தான். பிறகு உள்ளே வந்து, ஒரு பெட்டிக்கு எதிரே தரையில் உட்கார்ந்தார்.

"அங்க போகணும்னு உனக்கு எப்பலேர்ந்து ஆச?" என்று கேட்டார்.

அவள் கை நின்றது. அவரை நிமிர்ந்து பார்த்தாள். "மொதல் லெட்டர்லேர்ந்து. அன்னிக்கு நீங்க கேட்டிருந்தா அன்னிக்கே சொல்லியிருப்பேன்."

அவர் தலையைக் குனிந்துகொண்டார். பெட்டியின் விளிம்பை விரலால் நீவிக்கொண்டே இருந்தார். நான் எழுந்து போய்விடலாமா என்று பார்த்தேன், ஆனால் அவர்களைத் தாண்டித்தான் வாசல்.

"நானும் கூட வரட்டுமா?" என்றார்.

நான் தங்கையின் முகத்தைப் பார்த்தேன். வாங்க என்று சொல்லிவிடுவாள், அவள் சுபாவம் அதுதான், இருபது வருடமாக யார் எதைக் கேட்டாலும் சரி என்று சொல்லிப் பழகியவள். அவள் பெட்டியின் இரண்டு மடிப்புகளையும் சேர்த்து அழுத்திப் பிடித்தாள், டேப்பைக் கொடு அண்ணா என்று கை நீட்டினாள், நீளமாக இழுத்து ஒட்டினாள்.

"யோசிச்சுச் சொல்றேன்" என்றாள்.